வைத்தியரும் பிணைமுறியும்

வள்ளுவர் தம் நூலில் மருந்து என்னும் அதிகாரத்தின் ஈற்றுக் குறளிலே மருத்துவத்தை நான்கு கூறாக வகுத்துள்ளார். நோயுற்றவன், நோய் தீர்ப்பவன், மருந்து, அருகிருந்து பரிகரிப்பவன் என்பன அவை. நூல் கற்றோர் இவ்வகுப்பின் திட்பத்தை வியந்து போற்றுவர். மடுவிலே ஆசிரியத்தொழில் புரியும் எனக்கோ, ஐந்தாவதாக ஒன்றையும் அவர் சேர்த்திருக்கலாகாதா என்னும் ஆசை இடையிடையே எழுவதுண்டு. நோய் தீர்ப்பவன், நோயாளி இருக்கும் ஊரில் இருத்தல் என்பதே அது. அக்காலத்து வைத்தியன் ஊரோடு ஒட்டி வாழ்ந்தமையால் அதனைத் தனியே கூறவேண்டிய தேவை எழவில்லைப் போலும்.

மதவாச்சியிலிருந்து மன்னாருக்குச் செல்லும் பெருவீதியிலே மடுச்சந்தியிற் பிரிந்து காட்டினூடே சென்றால் மடுத் திருப்பதியை அடையலாம். ஆகத்து மாதத் திருவிழாவுக்கு நாட்டின் எல்லாத் திசைகளிலுமிருந்து யாத்திரிகர் இலட்சக்கணக்கில் வந்து கூடுவர். அந்நாட்களில் வைத்தியக் குழுவினரும் அம்புலன்சு வண்டிகளும் வந்து நிற்றலைக் காணலாம். திருவிழா முடிந்ததும் யாவும் கலைந்துபோம். எஞ்சுவோர் வயலையும் குளத்தையும் காட்டையும் நம்பி வாழும் குடிகள். கண்ணாடி விரியன் திருநாள் பார்த்துத் தீண்டுவதில்லை. அரிவு வெட்டுக் காலம் பார்த்தே தீண்டுகின்றது.

இரண்டாண்டுகளின் முன் குடியியற் பாடம் நடந்துகொண்டிருக்கையில் மாணவி ஒருத்தி எழுந்து, "சேர், அரசாங்கக் காசில படிச்ச டொக்டர்மாரை இஞ்ச வந்து நில்லுங்கோ எண்டு கட்டி வைக்க ஏலாதோ?" என்று வினவினாள். அவளுடைய தந்தை முந்திய மாரியிற் பாம்பு தீண்டப்பெற்று, வண்டி பிடித்து மன்னார் சென்று உயிர் தப்பியவர். "கட்டி வைக்கலாம், பிள்ளை, கட்டியும் இருக்கின்றார்கள், ஆனால் அக்கட்டு எத்தகையது என்பதில் வழக்கு உண்டு" என்று அன்று சுருக்கமாக விடை கூறினேன். அவ்விடையின் விரிவே இக்கட்டுரை.

இலங்கையில் 1945 இல் இலவசக் கல்வித் திட்டம் நடைமுறைக்கு வந்தது. 1870 இற் கொழும்பிற் றொடங்கிய வைத்தியக் கல்லூரியின் வழிவந்த பீடமும், 1978 இல் யாழ்ப்பாணத்தில் அமைந்த மருத்துவ பீடமும், பின்னெழுந்த ஏனைய அரசாங்கப் பீடங்களும் மாணவரிடம் கல்விக்கட்டணம் பெறாமலே வைத்தியரை ஆக்கி வந்துள்ளன. பட்டமேற்படிப்பிலும் நிலை பெரிதும் வேறன்று. பயிலும் காலத்து அரசாங்க வைத்தியருக்குச் சம்பளமும் கிடைக்கின்றது. இச்செலவு திறைசேரியினது; திறைசேரியின் பணமோ சீனிக்கும் மண்ணெண்ணெய்க்கும் வரி கொடுக்கும் குடிகளது. ஆதலின், செலவிட்டவர் பயனை எதிர்பார்த்தல் நியாயமே என்பதை மறுப்பார் இல்லை. அவ்வெதிர்பார்ப்பை எக்கருவி கொண்டு நிறைவேற்றுவது என்பதிலேதான் பிணக்குத் தோன்றுகின்றது.

கருவிகள் இரண்டு. ஒன்று சட்டம், மற்றையது ஒப்பந்தம். இலங்கை முதலாவதைக் கைக்கொண்டது. 1961 ஆம் ஆண்டின் 70 ஆம் இலக்கக் கட்டாய பொதுச்சேவைச் சட்டம், பட்டதாரிகள் மீது ஐந்தாண்டு வரையிலான பொதுச்சேவையை விதித்தற்கு இடமளித்தது. இங்கே கையொப்பமும் இல்லை, உடன்பாடும் இல்லை. பட்டம் பெற்றவன் என்பதொன்றே கடமைக்குக் காரணம். சர்வதேசத் தொழில் தாபனத்தின் நிபுணர் குழு இச்சட்டத்தைப் பல தடவை சுட்டிக்காட்டி விளக்கம் கேட்டமைக்குக் காரணமும் அதுவே. அத்தாபனத்தின் 1930 ஆம் ஆண்டு உடன்படிக்கை, தண்டனை வரும் என்னும் அச்சுறுத்தலின் கீழ், ஒருவன் தானாக முன்வராதிருக்கவும் அவனிடமிருந்து பெறப்படும் எவ்வேலையையும் கட்டாய ஊழியம் என வரையறுத்துள்ளது. இலங்கை 1950 இல் அதனை ஏற்றுக்கொண்ட நாடு.

எனினும் இதனை எடுத்துக்கொண்டு நம் நாட்டு நீதிமன்றிற் சென்று அச்சட்டத்தைச் சாய்த்துவிடுதல் எளிதன்று. 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 14 ஆம் உறுப்புரை, சட்டமுறையான எத்தொழிலையும் செய்தற்குரிய சுதந்திரத்தைப் பிரசைக்கு வழங்குகின்றது. ஆனால் அதே அத்தியாயத்தின் 16 ஆம் உறுப்புரையோ, முன்னரே இருந்த எழுதப்பட்ட சட்டங்கள் அடிப்படை உரிமைகளோடு முரணினும் செல்லுபடியாகும் என்று கூறுகின்றது. ஒரு கையாற் கொடுத்ததை மறு கையால் அளந்து கொடுத்தார்கள் எனலாம். இதனாலேயே இத்துறையிற் பெரும் அரசியலமைப்பு விவாதத்தைத் தேடுவோர் பாக்குநீரிணையைக் கடந்து செல்லவேண்டியவராயினர்.

இந்தியாவில் வழக்கிலுள்ளது பெரும்பாலும் இரண்டாவது கருவி. கர்நாடகம் 2012 இல் இதற்கென ஒரு சட்டமே இயற்றியதுண்டு. ஏனைய மாநிலங்கள் பல, அரசாங்க மருத்துவக் கல்லூரியிற் பட்டமேற்படிப்புக்கோ உயர் சிறப்புப் படிப்புக்கோ சேரும் வைத்தியரிடம் பிணைமுறி எழுதி வாங்கின. குறித்த ஆண்டுகள் அரசாங்க வைத்தியசாலையிற் பணிபுரிவேன். தவறின் குறித்த தொகை செலுத்துவேன் என்பது அதன் சாரம். காலமும் தொகையும் மாநிலத்துக்கு மாநிலம் வேறுபட்டன. மேற்கு வங்காளம் மூன்றாண்டுப் பணியும், தவறும் ஆண்டொன்றுக்குப் பத்து இலட்சம் ரூபாயும் விதித்தது. தமிழ்நாட்டில் இரண்டாண்டுப் பணியும் நாற்பது இலட்சமும் என இருந்தது 2023 இல் ஓராண்டும் இருபது இலட்சமும் எனக் குறைக்கப்பட்டது.

இப்பிணைமுறிகளை எதிர்த்து வைத்தியர் தொடுத்த வழக்குகள் ஒன்றுசேர்ந்து இந்திய உச்ச நீதிமன்றத்தை அடைந்தன. 2019 ஆகத்து 19 ஆம் நாள் நீதியரசர் நாகேசுவர ராவும் நீதியரசர் ஹேமந்த் குப்தாவும் தீர்ப்பளித்தனர். வைத்தியரின் வாதங்கள் அற்பமானவை அல்ல. நாடளாவிய தேர்வெழுதித் திறமையால் இடம் பெற்றோம். சேரும் வேளையிற் கையொப்பமிடாவிடின் இடமில்லை என்றால் அது உடன்பாடு ஆமா? நாம் விரும்பும் இடத்தில் தொழில் செய்யும் உரிமை எங்கே? மேலும் படிக்க விரும்பும் எம்மைத் தடுத்து நிறுத்துதல் எங்ஙனம் பொருந்தும்? அரசியலமைப்பின் 23 ஆம் உறுப்புரை விலக்கிய கட்டாய உழைப்பன்றோ இது?

நீதிமன்றம் இவற்றை ஏற்கவில்லை. அரசாங்கம் பெருஞ்செலவு செய்து வழங்கும் கல்விக்கு நிபந்தனை விதித்தல் அதன் அதிகாரத்துக்கு உட்பட்டது. அந்நிபந்தனையை முன்னரே அறிந்து கொண்டே மாணவர் சேர்ந்தனர். எல்லோருக்கும் பொதுவாக விதிக்கப்பட்டமையாற் பாரபட்சம் இல்லை. ஊதியம் பெற்றுக் குறித்த காலம் செய்யும் வைத்தியப் பணி கட்டாய உழைப்பு ஆகாது என்றது. இவற்றினும் என் உள்ளத்தை ஈர்த்தது, வாழ்வுரிமையைப் பற்றிய பகுதி. வைத்தியர் தம் வாழ்வுரிமையைக் காட்டினர். நீதிமன்றமோ வைத்தியசாலைக்கு வழியற்ற ஏழை மக்களுக்கும் அதே உறுப்புரையில் அதே உரிமை உண்டு என எடுத்துக்காட்டி, இரண்டையும் ஒரு தராசில் இட்டது. மடுவில் இருந்து அத்தீர்ப்பை வாசிப்போனுக்குத் தன் ஊர் அத்தராசின் ஒரு தட்டில் இருப்பது போலத் தோன்றும். தீர்ப்பின் ஈற்றில், மாநிலத்துக்கொரு விதி இருத்தல் நன்றன்று. நாடு முழுவதற்கும் ஒருசீரான கொள்கை வகுத்தல் தக்கது என்று மத்திய அரசுக்கு ஆலோசனையும் கூறப்பட்டது.

பிணைமுறி செல்லும் என்பது வேறு. அதிற் கண்ட தொகை முழுவதும் அறவிடத்தக்கது என்பது வேறு. இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதுவோர் பலர். ஒப்பந்தச் சட்டத்திலே தண்டத்துக்கும் நட்டஈட்டுக்கும் உள்ள வேறுபாடு மிகப் பழையது. 1915 இல் இங்கிலாந்துப் பிரபுக்கள் சபை தீர்த்த டன்லப் வழக்கிலே, குறித்த விலைக்குக் குறைத்து விற்கும் ரயர் ஒவ்வொன்றுக்கும் ஐந்து பவுண் செலுத்தவேண்டும் என்னும் வாசகம் ஆராயப்பட்டது. அத்தொகை நட்டத்தை முன்கூட்டி நேர்மையாக மதிப்பிட்டதாயின் செல்லும். மற்றவனை அச்சுறுத்தற்கென வைத்ததாயிற் செல்லாது என்பது அங்கே நிலைநாட்டப்பட்ட விதி. ஒரு நூற்றாண்டு கழித்து, 2015 இல், அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அவ்விதியைச் சற்றே நெகிழ்த்தியது. ஒப்பந்தம் நிறைவேறுவதில் ஒருவனுக்கு நியாயமான அக்கறை இருந்து, தொகை அவ்வக்கறைக்கு முற்றிலும் ஒவ்வாததாக இல்லையெனின் அது தண்டமாகாது என்றது. கிராமத்து வைத்தியசாலையில் வைத்தியர் இருப்பதில் அரசுக்குள்ள அக்கறையை ரயர் விற்றவனின் அக்கறையினும் தாழ்ந்தது எனக் கூறுவார் யார்?

இந்தியாவின் 1872 ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 74 ஆம் பிரிவு இவ்விடத்தில் மிகச் சுவையானது. ஒப்பந்தத்திற் குறித்த தொகை எதுவாயினும் அது மேலெல்லையே. அதற்குட்பட்ட நியாயமான நட்டஈட்டையே நீதிமன்றம் வழங்கும் என்பது பொதுவிதி. 1963 இல் பதே சந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதனை வலியுறுத்திற்று. ஆயின் பிரிவின் அடியில் ஒரு புறநடை உண்டு. பொதுக் கடமை ஒன்றையோ, பொதுமக்கள் அக்கறை கொண்ட செயல் ஒன்றையோ செய்வதாக, சட்டத்தின் வழியோ அரசின் கட்டளைப்படியோ பிணைமுறி எழுதிக் கொடுத்தவன், தவறின் முழுத்தொகையும் செலுத்தற்பாலன் என்கின்றது அது. இதனை வாசித்தவுடன் வைத்தியரின் கதை முடிந்தது எனத் தோன்றும். அதன் கீழே ஒரு விளக்கமும் உண்டு: அரசோடு ஒப்பந்தம் செய்தவன் என்ற காரணத்தினால் மட்டும் ஒருவன் பொதுக் கடமையை மேற்கொண்டவன் ஆகான் என்று. விதி, விதிக்குப் புறநடை, புறநடைக்கு வேலி! நன்னூல் கற்ற நம்மவர்க்கு இவ்வமைப்புப் புதிதன்று. நோயாளர்க்கு மருந்திடுதல் பொதுமக்கள் அக்கறை கொண்ட செயல் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அரசு அவ்வைத்தியரை எழுத்து வேலைக்கு இருத்தினாலோ, பணிக்கு அழைக்காமலே விட்டாலோ, முழுத்தொகையும் எந்த நியாயத்தால் வருமென்பது விளங்கவில்லை.

ஒருவனைத் தன் உடலால் ஒரு தொழிலைச் செய்யுமாறு நீதிமன்றம் கட்டளையிடுவதில்லை என்பது இன்னொரு பழைய கோட்பாடு. 1852 இல் யோகன்னா வாக்னர் என்னும் பாடகி, இலண்டனில் ஓர் அரங்கிற் பாட ஒப்புக்கொண்டு, கூடுதற் பணம் கிடைக்குமென்று வேறோர் அரங்குக்குப் போக முயன்றாள். நீதிபதி, "பாடு" என்று கட்டளையிட எனக்கு அதிகாரமில்லை. ஆனால் அக்காலத்தில் வேறிடத்திற் பாடாதே என்று தடுக்க அதிகாரம் உண்டு என்னும் கருத்துப்படத் தீர்த்தார். வெறுப்போடு பாடும் பாட்டைக் கேட்பதால் இழப்பு ஒரு மாலைப் பொழுதே. வெறுப்போடு செய்யும் வைத்தியத்தின் இழப்பை அளத்தல் அரிது. எனவே வைத்தியரின் கையைப் பிடித்து இழுக்கமாட்டாத அரசு, அவரது சான்றிதழைப் பிடித்துக்கொள்ளும் வழியை நாடியது.

தமிழ்நாட்டிற் பிணைமுறி எழுதிய வைத்தியரின் மூலச் சான்றிதழ்கள் கல்லூரியிலே வைத்துக்கொள்ளப்பட்டன. அவையின்றி மேற்படிப்பும் இல்லை. வேறிடத்து வேலையும் இல்லை. சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த வழக்குகளுட் பல இதனைப் பற்றியவையே. பணிக்கு அழையாமலே பிணைக்காலம் கழிந்ததாயின் சான்றிதழைத் தடுத்துவைத்தல் முறையன்று என்றும், கொள்ளைநோய்க் காலத்தில் ஆற்றிய பணியைக் கணக்கிற் கொள்ளவேண்டும் என்றும் தீர்ப்புகள் வந்தன. 2025 இல் அதன் மதுரைக் கிளை தீர்த்த வழக்கொன்று குறிப்பிடத்தக்கது. அரசாங்கக் கல்லூரியிற் பட்டமேற்படிப்பு முடித்து, பிணைமுறிப்படி பணியேற்ற பெண் வைத்தியர் ஒருவர், அப்பணியினிடையே மகப்பேற்று விடுமுறை பெற்றார். விடுமுறைக் காலம் பணியன்று. அதனையும் நிறைவு செய்தாலே சான்றிதழ் தரப்படும் என்றனர் அதிகாரிகள். நிரந்தர உத்தியோகத்தருக்கு அவ்விடுமுறை பணியாகவே கணிக்கப்படுமாயின் பிணைமுறியால் வந்தவருக்கும் அவ்வாறே கணித்தல் வேண்டும் என்று கூறி, சான்றிதழைத் திருப்பிக் கொடுக்குமாறு இரு நீதியரசர் ஆயம் கட்டளையிட்டது. பிணைமுறி எழுதியதனால் ஒருவர் பெண்ணாயிருத்தல் நீங்கிவிடாதன்றோ!

இனி நம் நாட்டில் நான் நேரிற் கண்டதைக் கூறவேண்டும். இங்கே வைத்தியரைப் பற்றிய பிணைமுறி பெரும்பாலும் எழுவது, பட்டமேற்படிப்பின் பகுதியாக வெளிநாடு செல்லும்போதே. தாபன விதிக்கோவையின் 15 ஆம் அத்தியாயம் இதற்கு உரியது. சம்பளத்தோடு விடுமுறை பெற்றுச் செல்பவர், திரும்பி வந்து குறித்த காலம் பணிபுரிவதாக எழுதிக் கொடுப்பார். அவருக்காகப் பிணையாளர் கையொப்பமிடுவர். அப்பிணையாளர் பெரும்பாலும் மாதச் சம்பளம் பெறும் உறவினர். ஆசிரியர் எனின் மிக நன்று.

என் தமக்கையின் மகன் சிறப்பு வைத்தியப் பயிற்சிக்கெனக் கடல் கடந்தபோது பிணை நின்ற இருவருள் யானும் ஒருவன். பத்திரம் பல பக்கம். இனிப்புப் பெட்டியோடு வந்த பிள்ளையிடம் வாசித்துவிட்டுத் தருகின்றேன் என்று கூற எந்த மாமனுக்கு வாய் வரும்? கையொப்பம் இட்டேன். 2022 இல் நாட்டில் எரிபொருளும் மருந்தும் இல்லாத நிலை வந்தது. அவ்வாண்டு யூன் மாதத்திலேயே அரசாங்க ஊழியர் சம்பளமற்ற விடுமுறையில் ஐந்தாண்டு வரை வெளிநாடு செல்லலாம் என்று 14 ஆம் இலக்கச் சுற்றறிக்கை வெளியாயிற்று. ஒரு கதவிற் பூட்டும் மறு கதவிற் றோரணமும்! அவன் திரும்பவில்லை. 2023 இன் நடுப்பகுதியில் எனக்கொரு கடிதம் வந்தது. அதிற் கண்ட தொகை என் பல ஆண்டுச் சம்பளத்துக்குச் சமம்.

அன்றுதான் பத்திரத்தை முதன்முறை முழுவதும் வாசித்தேன். உரோம-டச்சுச் சட்டத்தின்படி பிணையாளனுக்கு ஒரு பாதுகாப்பு உண்டு. முதலிற் கடன்காரனிடம் அறவிட முயன்று, அது கைகூடாவிடத்தே தன்னிடம் வரல்வேண்டும் என்று அவன் கேட்கலாம். பிணையாளர் பலராயின் தன் பங்குக்கு மேற் கேட்கலாகாது என்றும் சொல்லலாம். இவ்விரு சலுகைகளையும் துறந்தேன் என்று ஒரு வரி அப்பத்திரத்தில் இருந்தது. அதன் கீழே என் கையொப்பமும் இருந்தது. கற்பித்தலில் இருபதாண்டு கழித்தவன், மாணவருக்கு நாள்தோறும் "வினாவை முழுவதும் வாசியுங்கள்" என்று கூறுபவன், அவ்வரியை வாசியாதிருந்தேன். பிணையாளன் செலுத்திய பணத்தைப் பின்னர் கடன்காரனிடம் மீட்டுக்கொள்ளும் உரிமை சட்டத்தில் உண்டு என்பது உண்மையே. தமக்கையின் மகனை எந்த நீதிமன்றில் நிறுத்துவது?

தொலைபேசியில் அவன், "மாமா, நீங்கள் பயப்பிடாதேங்கோ. நான் கட்டுவன்" என்றான். சொன்னபடியே தவணை முறையிற் கட்டினான். ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு, தபாற்காரனின் மணியோசை கேட்கும்போதெல்லாம் என் மனைவி வாயிலுக்கு விரைவாள். அவனைக் குறைகூற எனக்கு மனமில்லை; அவன் பிள்ளைகளுக்கு அங்கே பால்மா கிடைத்தது. பணமும் திறைசேரியை அடைந்தது. ஆயின் கொழும்பிற் சேர்ந்த அப்பணம் எந்த மாற்றத்தாலும் ஒரு வைத்தியராகி வன்னிக்கு வந்து சேரவில்லை. பிணைமுறி வழக்குகளில் அரசு வென்றாலும் நோயாளி வெல்வதில்லை என்பதை நான் அறிந்தது அப்பொழுதே. வைத்தியர் ஒருவரை ஆக்கப் பத்தாண்டு வேண்டும். தொகையை அறவிட ஒரு கடிதம் போதும்.

கட்டாயப் பணியால் வருவோரும் நெடுநாள் நிலைப்பதில்லை. மன்னாரின் நோய்கள் ஊரறிந்தோர்க்கே பிடிபடுவன. மலேரியா அற்ற நாடு என 2016 இல் உலக சுகாதார நிறுவனம் இலங்கைக்குச் சான்று வழங்கியது; அவ்வாண்டின் இறுதியிலேயே நகர்ப்புறக் கிணறுகளிற் பெருகவல்ல புதிய வகை நுளம்பு ஒன்று மன்னார்த் தீவிற் கண்டுபிடிக்கப்பட்டது. இவ்வாறான இடத்திலே ஓராண்டு நாட்களை எண்ணிக் கழிப்பவரினும், கிணற்றையும் குடும்பத்தையும் அறிந்தவரே வேண்டற்பாலர்.

நூற்றறுபது ஆண்டுகளின் முன் மானிப்பாயிலே இவ்வினாவுக்கு விடை தேடியவர் வைத்தியர் சாமுவேல் கிறீன். 1848 இல் மாணவருக்கு மேனாட்டு வைத்தியம் கற்பிக்கத் தொடங்கிய அவர், பின்னர் அதனைத் தமிழிலேயே கற்பிக்கலானார். தமிழிற் கற்றோர் கிராமங்களிலே தங்கி, மக்கள் கொடுக்கக்கூடியதைப் பெற்று வாழ்வர் என்பது அவர் எதிர்பார்ப்பு. தமிழ்ப் பணி என்று நாம் போற்றுவது ஒருபுறம் அவருடைய பிணைமுறியும் ஆயிற்று, மொழியே கட்டு. இன்று அம்முறையை மீட்க இயலாது. ஆயினும் யப்பானில் 1972 இல் நிறுவப்பட்ட யிச்சி வைத்தியப் பல்கலைக்கழகம் அதே வழியிற் சென்று பயன் கண்டுள்ளது. அங்கே ஒவ்வொரு மாகாணத்திலுமிருந்து இரண்டு மூன்று மாணவரைத் தெரிந்தெடுத்து, கல்விக்கட்டணத்தைக் கடனாகக் கொடுத்து, தத்தம் மாகாணத்திலேயே ஒன்பதாண்டு பணிபுரிந்தால் அக்கடனைத் தள்ளிவிடுகின்றனர். பெரும்பாலோர் காலத்தை நிறைவு செய்கின்றனர். அதுவும் பிணைமுறியே. ஆனால் எழுதும்போதே ஊர் தெரியும். ஊரும் அவரது சொந்த ஊர்.

நம் நாட்டிலும் இதற்கான பாதி ஏற்பாடு இருக்கின்றது. பல்கலைக்கழக அனுமதியில் மாவட்ட ஒதுக்கீடு உண்டு; கல்வி வசதி குறைந்த மாவட்டங்களுக்கெனத் தனி ஒதுக்கீடும் உண்டு; அவற்றுள் மன்னாரும் ஒன்று. மாவட்டத்தின் பெயரால் இடம் பெறுவோர் அம்மாவட்டத்துக்கே திரும்பல்வேண்டும் என்னும் கட்டு மட்டும் அதில் இல்லை. அத்தகைய கட்டு ஒன்றை, தொகையை அச்சுறுத்தலாக வையாது, பிணையாளரைத் தேடாது, பணிக்காலத்தையும் வீட்டையும் பிள்ளைகளின் பாடசாலையையும் மேற்படிப்புக்கான முறையையும் முன்கூட்டியே எழுதி அமைத்தால், கையொப்பமிடப் பிள்ளைகள் உளர் என்பது என் துணிபு.

அன்று வினா எழுப்பிய மாணவி இப்பொழுது உயர்தரத்தில் உயிரியல் கற்கின்றாள். இம்முறையை அவளுக்கு விளக்கி, ஒன்பதாண்டுக்குக் கையொப்பம் இடுவாயா என்று கேட்டேன். சிறிது நேரம் சிந்தித்துவிட்டு, "ஊர் எது எண்டு அதில எழுதியிருக்குமோ, சேர்?" என்று கேட்டாள்.